தாத்தாவோடு பேச்சை நிறுத்திய பேரனுக்கு என்ன படிக்கக் கொடுக்கலாம்?

கேள்வி: எண்ணூர்ப் பக்கம் ஒரு குப்பத்தில் பிறந்து கொருக்குப்பேட்டையில் வாழ்க்கைப்பட்டவள் நான். எங்க நைனா முப்பது வயசு வரைக்கும் ஆத்துல இறால் பிடிச்சவர். அப்புறம் அனல் மின் நிலையத்துல சாம்பல் குழாய் பார்க்கிற ஒப்பந்த வேலைக்குப் போனார். அந்தக் கூலியிலதான் நானும் என் தம்பியும் படிச்சோம். இப்போ நைனா எங்களோடதான் இருக்கார். ராத்திரியில இருமல் அதிகம். என் மகன் காலேஜ் ரெண்டாவது வருஷம். சுற்றுச்சூழல் புத்தகமா வாங்கி வாங்கிப் படிக்கிறான். போன மாசம் சாப்பிடும்போது, "ஆத்தை மூடினதே நீங்கதானே தாத்தா"ன்னு கேட்டுட்டான். நைனா பாதிச் சோத்துல எழுந்து போயிட்டார். அன்னியிலேர்ந்து ரெண்டு பேருக்கும் பேச்சு இல்லை. அவன் படிக்கிறதை நான் தடுக்கல. ஆனா அவன் படிக்கிற புத்தகத்துல எங்க நைனா மாதிரி ஆளுக்கு இடமே கிடையாதா? நானும் படிச்சு அவன்கிட்ட பேசணும். பத்தாவது வரைக்கும் படிச்சிருக்கேன். எதைப் படிக்கலாம்?
- ஒரு வாசகி, கொருக்குப்பேட்டை

பதில்: அன்புத் தங்கைக்கு,

இடம் உண்டு. உங்கள் நைனா மாதிரி ஆட்களை நடுவில் வைத்து எழுதிய புத்தகங்கள் தமிழிலேயே இருக்கின்றன. பெரும்பாலும் நாவல்கள். பத்தாவது படிப்பு தாராளமாகப் போதும்.

அதற்கு முன் உங்கள் மகனைப் பற்றிக் கொஞ்சம். ஆற்றைப் பற்றி அவன் சொல்வதில் தப்பே இல்லை. அனல் மின் நிலையத்துச் சாம்பலைத் தண்ணீரில் கரைத்து, குழாய் வழியாகச் செப்பாக்கத்துக் குட்டைக்கு அனுப்புகிறார்கள். அந்தக் குழாய்கள் வருஷக்கணக்காக உடைந்தும் கசிந்தும் வந்ததில் கொசஸ்தலை ஆற்றின் அடியில் சாம்பல் படிந்து மேடாகிவிட்டது. ஆற்றில் இறங்கி, இறால் போடுகிற பறிக் கூடையைப் பல்லில் கடித்துக்கொண்டு, இரண்டு கைகளாலும் சேற்றைத் தடவி இறால் எடுக்கிறவர்களை நீங்கள் சின்ன வயதிலிருந்தே பார்த்திருப்பீர்கள். இறால் ஒளிந்துகொள்வது அந்தச் சேற்றில்தான். அதன்மேல் சாம்பல் மூடினால் தடவுகிற கைக்கு என்ன கிடைக்கும்? இது போதாதென்று 2017 ஜனவரியில் எண்ணூர்க் கடலில் இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கொட்டியது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணெய் ஆற்றுக்குள்ளேயே வந்தது. படகு, வலை, அலையாத்திச் செடி எல்லாம் கறுப்பாகி, மீனவர்களே வாளியில் அள்ள வேண்டியிருந்தது. அதே மாதக் கடைசியில் அமோனியா கசிந்து, நடு ராத்திரியில் ஜனங்கள் வீட்டை விட்டு ஓடினார்கள். இதையெல்லாம் பார்த்து வளர்கிற பிள்ளைக்குக் கோபம் வரத்தான் செய்யும். வரவும் வேண்டும்.

ஆனால் அந்தக் கோபம் கைக்கு எட்டுகிற ஆள்மேல் இறங்கிவிட்டது. குழாய் எந்த வழியாகப் போக வேண்டும், உடைந்தால் எத்தனை நாளில் மாற்ற வேண்டும், எவ்வளவு செலவழிக்கலாம் என்று முடிவெடுத்தவர்கள் அவன் சாப்பிடும் இடத்துக்கு வருவதில்லை. தாத்தா வருகிறார்.

அதனால், கெடுக்கிறவன் ஒரு பக்கம், நேசிக்கிறவன் இன்னொரு பக்கம் என்று கோடு கிழிக்கிற புத்தகங்களைக் கொஞ்ச நாள் தள்ளி வையுங்கள். மண்ணைக் கெடுக்கிற வேலையைச் செய்பவனும் அதே மண்ணை உயிராக நினைப்பவனும் ஒரே ஆளாக இருக்கிற புத்தகங்கள்தான் உங்கள் வீட்டுக்கு வேண்டும்.

முதலில் சா. கந்தசாமியின் 'சாயாவனம்'. 1969இல் வந்த சின்ன நாவல். கடல் கடந்து சம்பாதித்துத் திரும்பிய சிதம்பரம் காவிரிக்கரைப் பக்கம் ஒரு பெரிய வனத்தையே விலைக்கு வாங்கி, அங்கே கரும்பாலை கட்டப் பார்க்கிறான். கதை அவ்வளவுதான். காட்டை அழிக்கும் வேலைதான் நாவல் முழுக்க. கொடியை இழுப்பது, முள்ளை வெட்டுவது, வெட்ட வெட்ட இன்னொரு புதர் எழுந்து நிற்பது, கடைசியில் நெருப்பு வைப்பது. கந்தசாமி ஓர் இடத்தில்கூடச் சிதம்பரத்தைத் திட்டுவதில்லை. அவன் நல்ல உழைப்பாளி, பொறுமைசாலி, ஊராரை மதிக்கிறவன். படிக்கும்போது நாமும் அவனோடு அரிவாள் பிடித்து நிற்போம். அந்தப் புதர் எப்போது தீரும் என்று நமக்கே தவிப்பாக இருக்கும். காடு எரிகிற பக்கங்கள் வந்ததும், எரிந்தது என்னென்ன என்று ஒவ்வொன்றாகத் தெரியத் தொடங்கும்போது அடி வயிறு கலங்கும். அத்தனை பக்கமும் அவன் ஜெயிக்க வேண்டும் என்று நினைத்துப் படித்தவர்கள் நாம்தானே.

அந்த வனத்துப் புளியமரங்கள்தான் ஊருக்கே புளி கொடுத்தவை. மரங்கள் போன பிறகு, அவன் வெளியிலிருந்து வாங்கிக் கொடுக்கிற புளி ஊர்ப் பெண்களுக்கு வாயில் வைக்க முடியவில்லை. ஒரு காட்டின் அழிவு இந்த நாவலில் சமையல்கட்டுக்குள் வந்துதான் முடிகிறது. அந்த இடத்தை நீங்கள் என்னைவிட நன்றாகப் புரிந்துகொள்வீர்கள். முகத்துவாரத்து இறாலுக்கும் கடையில் வாங்குகிற பண்ணை இறாலுக்கும் உள்ள வித்தியாசம் உங்கள் நாக்குக்குத் தெரியும்.

இதை நீங்களும் மகனும் ஒரே சமயத்தில் படிப்பது நல்லது. படித்து முடித்ததும் அவனிடம் ஒன்றே ஒன்று கேளுங்கள்: "சிதம்பரம் கெட்டவனா?" உடனே பதில் சொல்லச் சொல்லாதீர்கள்.

அடுத்தது நக்கீரன் எழுதிய 'காடோடி'. இது மகனுக்கு. போர்னியோ மழைக்காட்டில் மரம் வெட்டும் நிறுவனத்தில் வேலைக்குப் போனவன் சொல்கிற கதை. காட்டை அவனுக்குச் சொல்லிக் கொடுப்பவர்கள் அந்தக் காட்டு மக்கள். அவன் சம்பளம் வருவதோ அதே காட்டை வெட்டி விற்ற பணத்தில். எந்த மரத்தில் எந்தப் பறவை இருக்கும் என்று தெரிந்துகொள்ளத் தெரிந்துகொள்ள, வேலை அவனுக்குப் பாரமாகிக்கொண்டே போகிறது. தமிழில் காட்டைப் பற்றி இவ்வளவு தகவலோடு வந்த நாவல்கள் குறைவு. உங்கள் மகன் மாதிரி விவரம் தேடிப் படிக்கிறவனுக்குப் பிடிக்கும். ஆனால் நான் இதைச் சொல்வது விவரத்துக்காக இல்லை. கூலிக்காக ஒரு வேலையில் இருந்துகொண்டே, அந்த வேலை செய்யும் நாசத்தைத் தினமும் கண்ணால் பார்க்கிறவன் மனசு எப்படி இருக்கும் என்று அவனுக்குத் தெரிய வேண்டும். உங்கள் நைனா பல வருஷம் குழாய் மேல் நடந்திருக்கிறார். கசிவை முதலில் பார்த்தவர் அவராகத்தான் இருந்திருப்பார். போய்ச் சொன்னாரா, சொன்னபோது என்ன பதில் வந்தது, சொல்லாமல் இருந்தால் ஏன் என்று இதுவரை யாராவது அவரைக் கேட்டிருக்கிறீர்களா?

உங்களுக்கென்று ஒரு புத்தகம்: பெருமாள்முருகனின் 'ஏறுவெயில்'. 1991இல் வந்த அவருடைய முதல் நாவல். வீட்டுவசதிக் காலனி கட்ட நிலத்தைக் கொடுத்துவிட்டு நிற்கிற ஒரு விவசாயக் குடும்பம். நிலம் போனது ஒரு நாளில் முடிந்துவிடுகிறது. அதற்கப்புறம் அந்த வீட்டு மனிதர்கள் ஒருவருக்கொருவர் மாறிப்போவதைத்தான் நாவல் பொறுமையாகச் சொல்கிறது. உங்கள் வீட்டுச் சாப்பாட்டு நேரத்துச் சண்டையும் அப்படித்தான். ஆற்றுக்கு நடந்தது அப்படியே வீட்டுக்குள் வந்திருக்கிறது.

ராஜம் கிருஷ்ணனின் 'கரிப்பு மணிக'ளையும் வரிசையில் வையுங்கள். தூத்துக்குடி உப்பளத் தொழிலாளர்களைப் பற்றியது. நம் அத்திப்பட்டுப் பக்கம் உப்பளம் இருந்த காலம் உங்கள் நைனாவுக்கு நினைவிருக்கும்.

உங்கள் மகன் என்னென்ன படிக்கிறான் என்று நீங்கள் எழுதவில்லை. ரேச்சல் கார்சனின் 'மௌன வசந்தம்' அதில் இருந்தால் எனக்குச் சந்தோஷம். 1962இல் வந்து, பூச்சிமருந்தைப் பற்றி உலகத்தையே யோசிக்க வைத்த புத்தகம். அதை அவன் இன்னொரு முறை படிக்கட்டும். வயலில் மருந்து அடித்தவனை அந்த அம்மையார் கூண்டில் ஏற்றவில்லை. மருந்தை விற்றவர்கள் உண்மையை ஏன் சொல்லவில்லை, அரசாங்கம் ஏன் அவர்கள் சொன்னதை அப்படியே நம்பியது என்றுதான் கேட்டார். அவன் கேட்க வேண்டிய கேள்விக்கு நல்ல மாதிரி அதிலேயே இருக்கிறது.

காடு, புலி, யானை, பறவை பற்றிய நல்ல புத்தகங்கள் தமிழில் நிறைய உண்டு. சு. தியடோர் பாஸ்கரன் எழுதியவை எல்லாம் எனக்கு உயிர். ஆனால் இப்போது அவை வேண்டாம். அழகான இடங்களைப் பற்றி மட்டுமே படிக்கிற பிள்ளைக்கு, சொந்த ஊர் கெட்டுப்போன இடமாக மட்டும் தெரிய ஆரம்பித்துவிடும். எண்ணூர் அப்படியில்லை. இன்றைக்கும் அங்கே படகு இறங்குகிறது, வலை வீசுகிறார்கள், கொக்கும் நாரையும் வருகின்றன.

நைனாவுக்கும் ஒன்று சொல்கிறேன். ஜோ டி குரூஸின் 'ஆழி சூழ் உலகு'. பெரிய புத்தகம், அவர் உட்கார்ந்து படிக்கத் தேவையில்லை. ராத்திரி அவர் தூக்கம் வராமல் இருக்கும்போது நீங்கள் நாலு பக்கம் சத்தமாகப் படியுங்கள். நடுக்கடலில் கவிழ்ந்து மிதக்கிற மூன்று பேரிடமிருந்து கதை விரியும். அது தென்கோடிப் பரதவர் பேச்சு. காற்றுக்கும் நீரோட்டத்துக்கும் மீனுக்கும் அவர்கள் சொல்கிற பெயர் வேறு, நம் வடசென்னைக் கரையில் சொல்வது வேறு. நிச்சயம் குறுக்கே பேசுவார்: "அது இன்னா, நம்ம பக்கம் அப்படி சொல்ல மாட்டோமே." அப்போது புத்தகத்தை மூடிவிட்டு, "நம்ம பக்கம் என்ன சொல்வீங்க நைனா?" என்று கேளுங்கள். பையன் பக்கத்து அறையில் இருந்தால் போதும். கூப்பிட வேண்டாம், காதில் விழும்.

அவர் சொல்லப்போகிற விஷயங்கள் வெறும் பழங்கதை என்று பையன் நினைத்துவிடக் கூடாது. 1996இல் அங்கீகரித்த கடலோர வரைபடத்தில் எண்ணூர்க் கழிமுகம் இருக்கிறது. பின்னால் வந்த இன்னொரு வரைபடத்தில் அது இல்லை. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டு வாங்கியபோதுதான் இந்த விஷயமே வெளியே வந்தது. ஆறு எங்கே எவ்வளவு ஆழம், எந்த ஓடை எங்கே சேர்ந்தது, எந்த மாசம் என்ன மீன் என்று பார்த்து அனுபவித்தவர்களின் வாய்மொழிக்கு இப்படிப்பட்ட நேரத்தில் எவ்வளவு மதிப்பு என்று உங்கள் மகனே யோசிக்கட்டும். இப்போது எண்ணூரிலிருந்து பழவேற்காடு வரைக்கும் காக்கா ஆழி என்கிற சிப்பி ஆற்றின் அடியில் பாய் விரித்த மாதிரி படர்ந்து கிடக்கிறது. தென் அமெரிக்காவிலிருந்து வந்த இனம். அது படர்ந்த இடத்தில் இறால் புதைய முடியாது, மீனவர் கால் வைக்கவும் முடியாது. இந்தச் சிப்பி முன்பு இங்கே இருந்ததா, எந்த வருஷத்திலிருந்து கண்ணில் பட்டது என்று அவன் தாத்தாவிடம் கேட்கலாம். பேச்சைத் தொடங்க இதைவிட நல்ல கேள்வி எனக்குத் தோன்றவில்லை. அதில் குற்றச்சாட்டு இல்லை, தெரிந்துகொள்ளும் ஆசை மட்டும்தான்.

மன்னிப்புக் கேள் என்று அவனைக் கட்டாயப்படுத்தாதீர்கள். அந்த வயதில் வாயால் கேட்கிற மன்னிப்பு கசந்துதான் வரும். ஒரு ஞாயிற்றுக்கிழமை இரண்டு பேரையும் கும்மிடிப்பூண்டி ரயிலில் ஏற்றிவிடுங்கள். எண்ணூர் தாண்டியதும் ரயில் ஆற்றுப் பாலத்தில் போகும். அத்திப்பட்டு புதுநகரில் இறங்கித் திரும்பி வரட்டும். ஜன்னல் ஓரம் தாத்தாவுக்கு. பேசினால் பேசட்டும், இல்லாவிட்டாலும் பரவாயில்லை.

அந்த இருமலை மட்டும் தள்ளிப் போடாதீர்கள், தங்கச்சி. சாம்பல் பக்கத்தில் அத்தனை வருஷம் வேலை பார்த்த நுரையீரல் அது. இந்த வாரமே ஸ்டான்லி அரசு மருத்துவமனைக்குக் கூட்டிப் போங்கள். என்ன வேலை பார்த்தார், எத்தனை வருஷம் பார்த்தார் என்பதை மருத்துவரிடம் நீங்களே எடுத்துச் சொல்லுங்கள், அவராகச் சொல்ல மாட்டார். முடிந்தால் மகனைத் துணைக்கு அனுப்புங்கள். வெளிநோயாளிகள் வரிசையில் நிற்க எப்படியும் ஒருவர் வேண்டும்.

புத்தகங்களுக்கு முதலில் உங்கள் பகுதிக் கிளை நூலகத்தில் கேட்டுப் பாருங்கள். இல்லையென்றால் ஜனவரியில் நந்தனத்தில் நடக்கிற புத்தகக் காட்சியில் எல்லாமே கிடைக்கும். ஆனால் 'சாயாவன'த்துக்கு அதுவரை காத்திருக்க வேண்டாம். என்னிடம் இரண்டு பிரதி இருக்கிறது. பத்திரிகை அலுவலகத்துக்கு முகவரி எழுதி அனுப்புங்கள், ஒன்றை உங்களுக்கு அனுப்பிவைக்கிறேன்.