செட் ஆர்தருக்கு வந்த கடிதங்கள்

அன்புள்ள ஐயா,

வணக்கம். அமெரிக்க அதிபர்களின் வாழ்க்கை வரலாறுகளை வரிசையாகப் படிக்கத் தொடங்கியிருக்கிறேன். வாஷிங்டன், ஜெஃபர்சன், லிங்கன் முடிந்தது. லிங்கனுக்குப் பிறகு தியோடர் ரூஸ்வெல்ட் வரை வருகிறவர்களின் பெயர்கூட மனதில் நிற்கவில்லை. அவர்களை விட்டுவிடலாமா? அவசியம் படிக்க வேண்டிய பத்துப் பேரை வரிசைப்படுத்தித் தருவீர்களா? இப்போதைய அமெரிக்க அரசியலைப் பற்றியும் உங்கள் கருத்தை அறிய ஆசை.

இன்னொன்று. என் கல்லூரி நண்பன் உள்ளாட்சித் தேர்தலில் ஜெயித்தான். இன்று எந்த வேலைக்கும் கமிஷன் கேட்கிறான். அவனோடு பேசுவதை நிறுத்திவிட்டேன். பதவி யாரையும் மாற்றுவதில்லை, உள்ளே இருந்த ஆளைத்தான் வெளியே காட்டுகிறது என்று இந்தப் புத்தகங்களைப் படிக்கும்போது தோன்றுகிறது. சரிதானா?

அன்புடன்,
கா., தஞ்சாவூர்

அன்புள்ள கா.,

பத்துப் பேர் பட்டியல் தரமாட்டேன். மனிதர்களுக்கு மதிப்பெண் போட்டு வரிசையில் நிறுத்துவது வாசிப்பே இல்லை. இப்போதைய அரசியலுக்கு நாளிதழ்கள் இருக்கின்றன.

ஆனால் உங்கள் கடிதத்தின் இரண்டாம் பத்தி என்னைப் பிடித்துக்கொண்டது. நீங்கள் விட்டுவிடலாமா என்று கேட்கிறீர்களே, அந்தக் கூட்டத்தில் ஒருவரைப் பற்றித்தான் சில வாரங்களாகப் படித்துக்கொண்டிருக்கிறேன். செஸ்டர் ஆலன் ஆர்தர், இருபத்தோராவது அதிபர். நண்பர்களுக்கு செட். கன்னத்து மீசை அடர்ந்த, நன்றாக உடுத்திய, விருந்துகளில் நள்ளிரவு தாண்டியும் உட்கார்ந்திருக்கும் மனிதர்.

அவர் எங்கிருந்து வந்தார் என்று பாருங்கள். நியூயார்க் துறைமுகத்தின் சுங்க கலெக்டர். 1871இல் அதிபர் கிராண்ட் நியமித்தார். நாட்டின் சுங்க வருமானத்தில் பெரும்பகுதி அந்த ஒரு கட்டடத்தில்தான் வசூலானது. அங்கே ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களுக்கு வேலை. வேலை கொடுப்பது கட்சி. அதற்கு நன்றிக்கடனாக ஊழியர்கள் சம்பளத்தில் ஒரு பங்கைக் கட்சிக்குக் கட்ட வேண்டும். கட்டாதவனுக்கு வேலை நிலைக்காது. பிடிபட்ட சரக்கின் அபராதத்தில் கலெக்டருக்கும் பங்கு உண்டு என்பதால், அந்த முறை ஒழிக்கப்படும்வரை ஆர்தரின் வருமானம் நாட்டின் அதிபர் வாங்கிய சம்பளத்துக்கு இணையாக இருந்தது. அவர் லஞ்சம் வாங்கினார் என்று யாரும் நிரூபித்ததில்லை. ஆனால் செனட்டர் ராஸ்கோ காங்க்லிங் நடத்திய கட்சி இயந்திரத்துக்கு எண்ணெய் ஊற்றியவர் அவர்தான். 1878இல் அதிபர் ஹேய்ஸ் அவரைப் பதவியிலிருந்து நீக்கினார். இரண்டே ஆண்டில் குடியரசுக் கட்சி, காங்க்லிங் கோஷ்டியைச் சமாதானப்படுத்த, அவரைத் துணை அதிபர் வேட்பாளராக்கியது. அதற்கு முன் அவர் மக்களிடம் ஓட்டுக் கேட்டு எந்தப் பதவிக்கும் நின்றதில்லை.

1881 ஜூலை 2. வாஷிங்டன் ரயில் நிலையத்தில் அதிபர் கார்ஃபீல்டைச் சுட்டான் சார்லஸ் கிட்டோ. பிடிபட்டபோது, தான் ஸ்டால்வார்ட் கோஷ்டியைச் சேர்ந்தவன், இனி ஆர்தர்தான் அதிபர் என்று கத்தினான். ஸ்டால்வார்ட் என்பது காங்க்லிங்கின் கோஷ்டி. ஆர்தர் மீது நாட்டின் பார்வை எப்படித் திரும்பியிருக்கும்? கொலையில் அவருக்குப் பங்கு இருக்குமோ என்று வெளிப்படையாகவே பேசினார்கள். “செட் ஆர்தர் அமெரிக்காவின் அதிபரா? அட கடவுளே!” என்று அவருடைய கட்சிக்காரர்களே தலையில் அடித்துக்கொண்டார்கள். கார்ஃபீல்ட் கோடை முழுவதும் உயிருக்குப் போராடினார். ஆர்தர் நியூயார்க்கில் தன் வீட்டுக்குள்ளேயே முடங்கினார். அதற்கு முந்தைய ஆண்டு ஜனவரியில்தான் மனைவி எல்லன் இறந்திருந்தார்.

அந்த ஆகஸ்ட் மாதக் கடைசியில் அவருக்கு ஒரு கடிதம் வந்தது. எழுதியவர் ஜூலியா சாண்ட். நியூயார்க்கில் குடும்பத்தோடு வசித்த, முப்பது வயதை ஒட்டிய, திருமணமாகாத நோயாளிப் பெண். ஆர்தரை நேரில் பார்த்ததே இல்லை. கட்சி, பதவி, சிபாரிசு எதுவும் அவருக்குக் கிடையாது. அந்தக் கடிதத்தைப் படித்தபோது எனக்கு மூச்சு நின்றது. மக்கள் துயரத்தில் தலைகுனிந்திருக்கிறார்கள். கார்ஃபீல்ட் சாகிறார் என்பதைவிட, அடுத்து நீங்கள் வருகிறீர்கள் என்பதற்காகத்தான் அந்தத் துயரம், அது உங்களுக்குப் புரிகிறதா என்று கேட்கிறார். அதிபராகப் போகிறவருக்கு எழுதும் முதல் கடிதத்தில் இது! பிறகுதான் வருகிறது, நீங்கள் கேட்ட கேள்வி. அதிபராக்கிவிட்டால் ஒருவனை மாற்றிவிட முடியாது என்று உங்கள் எதிரிகளிலேயே நல்லவர்கள்கூடச் சொல்கிறார்கள், ஆனால் மாற்ற முடியும் என்கிறார் ஜூலியா. பாதி ஆயுள் உறங்கிக் கிடந்த பெருந்தன்மையைப் பெரும் நெருக்கடிகள் எழுப்பிவிடும். உங்களிடம் உண்மையான மேன்மையின் ஒரு பொறி இருந்தால், அதைக் காட்ட இதுதான் தருணம். உங்களுடைய நல்ல இயல்பின் மீதுள்ள நம்பிக்கைதான் என்னை எழுத வைக்கிறது. பதவி விலகச் சொல்லவில்லை; அதைவிடக் கடினமானதைச் செய்யுங்கள், திருந்துங்கள்.

கா., இதைப் படித்தால் உங்கள் வாக்கியம் எவ்வளவு சோம்பேறித்தனமானது என்று உங்களுக்கே தெரியும். “உள்ளே இருந்த ஆளைத்தான் வெளியே காட்டுகிறது” என்கிறீர்கள். எந்த ஆளை? ஆர்தருக்குள் ஓர் ஆள்தான் இருந்தாரா? 1854இல் எலிசபெத் ஜென்னிங்ஸ் என்ற கறுப்பினப் பள்ளி ஆசிரியை, தேவாலயத்தில் ஆர்கன் வாசிக்கப் போகும் வழியில், நியூயார்க்கின் மூன்றாம் அவென்யூ டிராம் வண்டியிலிருந்து இழுத்துத் தள்ளப்பட்டார். அவருக்காக வாதாடி, மறு ஆண்டு 225 டாலர் நஷ்டஈடு வாங்கித் தந்த வக்கீலுக்கு வயது 25. அவர்தான் செஸ்டர் ஆர்தர். அந்த இளைஞரும் உள்ளே இருந்தார், சுங்க மாளிகையின் செட்டும் உள்ளே இருந்தார். இருவரில் யாரை அழைப்பது என்பதுதான் விஷயம். கட்சிக்காரர்கள் பல ஆண்டுகள் செட்டை அழைத்தார்கள், அவர் வந்தார். ஜூலியா சாண்ட் மற்றவரை அழைத்தார்.

பதவிக்கு இதில் பங்கில்லை என்கிறீர்களா என்று கேட்கலாம். உண்டு. தன்னை வளர்த்த காங்க்லிங் வந்து, நியூயார்க் சுங்க கலெக்டரை மாற்று என்று கேட்டபோது ஆர்தர் மறுத்தது அந்த நாற்காலியின் கனத்தால்தான். அவர் இப்போது செட் ஆர்தர் இல்லை, அதிபர் என்று பழைய கூட்டாளிகள் புலம்பினார்கள். ஆனால் நாற்காலி மட்டும் போதும் என்றால் அதில் உட்கார்ந்த எல்லோரும் அப்படி ஆகியிருக்க வேண்டுமே. 1883 ஜனவரி 16இல் பெண்டில்டன் சட்டத்தில் அவர் கையெழுத்திட்டார். அரசு வேலைகளில் ஒரு பகுதிக்கேனும் போட்டித் தேர்வு வந்தது, ஊழியர்களிடம் கட்சிக்குக் கட்டாய வசூல் செய்வது குற்றமாயிற்று. தான் எந்த முறையில் வளர்ந்தாரோ அந்த முறையின் வேரை அவரே வெட்டினார். சிறுநீரக நோய் தன்னை அரித்துக்கொண்டிருப்பதை வெளியில் சொல்லாமல் இதையெல்லாம் செய்தார்.

அவரை மகானாக்கவும் விடமாட்டேன். சீனத் தொழிலாளர்கள் நாட்டுக்குள் வருவதை 20 ஆண்டுகளுக்குத் தடுக்கும் மசோதாவை 1882 ஏப்ரலில் நிராகரித்தவர், அதையே 10 ஆண்டு என்று மாற்றிக் கொண்டுவந்தபோது மே மாதம் கையெழுத்துப் போட்டுவிட்டார். அந்தக் கறை அழியாது.

ஜூலியா எழுதிய 23 கடிதங்கள் நமக்குக் கிடைத்திருக்கின்றன. பாராட்டு வரும், அடுத்த பக்கத்திலேயே திட்டு வரும். இவருக்கு ஏன் பதவி கொடுத்தீர்கள், ஏன் தயங்குகிறீர்கள் என்று வீட்டுப் பிள்ளையைக் கேட்பதுபோலக் கேட்பார். 1882 ஆகஸ்ட் 20 அன்று மாலை, சாப்பாடு முடிந்து சோஃபாவில் சாய்ந்திருந்தவரின் வீட்டு வாசலில் ஒரு வண்டி நின்றது. அதிபர், முன்னறிவிப்பே இல்லாமல் வந்திருந்தார். ஜூலியா பதறிப்போய்த் திரைச்சீலைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார். அத்தனை கடிதங்களில் அதிபரையே அதட்டியவர்! ஆர்தர் ஏறக்குறைய ஒரு மணி நேரம் அங்கே இருந்தார். ஓர் அதிபர் தன்னைத் திட்டியவரின் வீட்டைத் தேடிப் போனார் என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு அவர் மீது பிரியம் பெருகுகிறது.

1886 நவம்பரில் சாவதற்குச் சற்று முன் ஆர்தர் தன் காகிதங்களை எரிக்கச் சொன்னார். பெரும்பாலானவை எரிந்தன. ஜூலியாவின் கடிதங்கள் தப்பின. 1958இல் ஆர்தருடைய பேரனிடமிருந்து அவை காங்கிரஸ் நூலகத்துக்குப் போய்ச் சேர்ந்தன. அதுவரை அந்தப் பெண்ணை உலகத்துக்குத் தெரியாது.

இப்போது உங்கள் நண்பன். பேச்சை நிறுத்திவிட்டேன் என்று பெருமையாக எழுதியிருக்கிறீர்கள். இதில் என்ன பெருமை? கல்லூரியில் மூன்று ஆண்டுகள் பக்கத்தில் உட்கார்ந்தவனின் நல்ல பக்கம் உங்களுக்குத் தெரியும், ஊருக்குத் தெரியாது. அதை அவனுக்கு ஞாபகப்படுத்தக்கூடியவர் நீங்கள் ஒருவர்தான், நீங்களும் போய்விட்டீர்கள். இனி அவனைச் சுற்றிக் கமிஷன் கொடுப்பவர்கள் மட்டுமே இருப்பார்கள். திட்டுங்கள், நன்றாகத் திட்டுங்கள், ஆனால் அவன் முகத்துக்கு நேராகத் திட்டுங்கள். அவன் கேட்காமல் போகலாம். ஆர்தரும் கேட்காமல் போயிருக்கலாம். உங்கள் வருத்தம் எனக்குப் புரிகிறது, கா. அந்த வருத்தம் நேசத்திலிருந்து வருவதால்தான் இவ்வளவு கோபமாகச் சொல்கிறேன்.

படிப்பதற்கு வரிசை கேட்டீர்கள். கார்ஃபீல்டில் தொடங்கி ஆர்தருக்கு வாருங்கள். இருவரையும் சேர்த்துப் படித்தால்தான் ஒருவர் விளங்குவார். பிறகு கிராண்ட், தொண்டைப் புற்றுநோயோடு, மனைவியைக் கடனில் விட்டுவிட்டுப் போகக்கூடாது என்று சாகும் தறுவாயில் எழுதி முடித்த நினைவுக் குறிப்புகள். அடுத்து, பின்னோக்கிப் போய், ஜான் குயின்சி ஆடம்ஸ். அவருடைய அதிபர் காலத்தை வேகமாகத் தாண்டிவிடலாம். அதன்பின் 17 ஆண்டுகள் பிரதிநிதிகள் சபையில் சாதாரண உறுப்பினராக உட்கார்ந்து அடிமை முறைக்கு எதிராகப் போராடினாரே, அந்தப் பகுதியை நிதானமாகப் படியுங்கள். ஹேய்ஸ் பிறகு போதும்.

அன்புடன்.