தடை போட்டால் பணிந்துவிடுவார்களா?

கேள்வி: பொருளாதாரத் தடை போட்டால் எந்த அரசும் வழிக்கு வந்துவிடும். இதைப் பேராசிரியர்கள் பக்கம் பக்கமாக ஆராய என்ன இருக்கிறது? கிழக்குப் பல்கலைக்கழகத்தில் படிக்கும் நம் பிள்ளைகளுக்கு இதனால் என்ன பயன்?
– வாசகர், களுவாஞ்சிகுடி

பதில்: வந்துவிடும் என்று அடித்துச் சொல்கிறீர்கள். ஆராய்ந்தவர்கள் அப்படிச் சொல்லவில்லை. முந்தைய ஆய்வொன்று 40 தடைகள் பலித்ததாகக் கணக்குக் காட்டியிருந்தது. அமெரிக்க அரசியல் விஞ்ஞானி ரொபேர்ட் பேப் 1997இல் அவற்றை ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்தார். 5 மட்டுமே தேறின. பலவற்றில் காரியத்தை முடித்தது படைபலம். டானியல் டிரெஸ்னர் 1999இல் இன்னொன்றைக் காட்டினார்: தடை அதிகம் விழுவது பகை நாடுகள் மீது, அதிகம் பலிப்பதோ நட்பு நாடுகளிடம். இன்று இறங்கிப்போனால் நாளை இன்னும் நெருக்குவார்கள் என்று பகை நாடு அஞ்சுகிறது. அதனால் நட்டத்தைப் பொறுத்துக்கொள்கிறது.

அந்த நட்டம் யார் தலையில் விழுகிறது? மூன்று மனித உரிமை உடன்படிக்கைகளைச் சரிவரக் கடைப்பிடிக்கவில்லை என்று 2010 ஓகஸ்டில் ஐரோப்பிய ஒன்றியம், நம் பொருட்களுக்குத் தந்துவந்த ஜி.எஸ்.பி. பிளஸ் என்ற இறக்குமதி வரிச்சலுகையை நிறுத்தியது. தடை என்றுகூட அதைச் சொல்ல முடியாது, வரிச்சலுகை போனது, அவ்வளவுதான். அரசு அசையவில்லை. அடி விழுந்தது ஆடைத் தொழிலுக்கு. நம் ஊர்ப் பிள்ளைகள் வேலைக்குப் போகும் தொழில் அது. 2015இல் வாக்காளர்கள் ஆட்சியை மாற்றிய பின்பே, 2017 மே மாதத்தில் சலுகை திரும்பியது.

ஐரோப்பாவுக்கு அந்தப் பலம் எங்கிருந்து வந்தது என்பதும் சர்வதேச உறவுகள் என்ற அதே படிப்பில் வருவதுதான். 1951இல் நிலக்கரிக்கும் உருக்குக்குமாக ஆறு நாடுகள் செய்த உடன்படிக்கை வளர்ந்து, இன்று அத்தனை உறுப்பு நாடுகளுக்கும் வணிகக் கொள்கை ஒன்றாகிவிட்டது. தெற்காசிய நாடுகளின் கூட்டமைப்பான நமது சார்க் 1985இல் தொடங்கியது. 2014க்குப் பிறகு ஓர் உச்சி மாநாடுகூடக் கூடவில்லை.

நம் பிள்ளைகளுக்கு என்ன பயன் என்கிறீர்கள். தொண்ணூறுகளில், மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த படுவான்கரைக்குப் பசளை, சீமெந்து, எரிபொருள், பற்றரி எதையும் போகவிடாமல் தடுத்தது நம் அரசுதான். சோதனைச் சாவடியில் பையைக் கொட்டி, டோர்ச் பற்றரியைத் தேடி எடுத்தார்கள். யூரியா இல்லாமல் வேளாண்மை மஞ்சளித்தது. யுத்தம் நிற்கவில்லை. ஒரு நாடு தன் மக்கள் மீதே போட்ட தடையை எந்தக் கணக்கில் சேர்ப்பது? இதை ஆராய்ந்து எழுத, கிழக்குப் பல்கலைக்கழகம் இருக்கும் வந்தாறுமூலையில் படிக்கும் பிள்ளைகளைவிடத் தகுதியானவர் யார்? அந்தச் சாவடிகளில் வரிசையில் நின்றவர்கள் கொக்கட்டிச்சோலையிலும் வவுணதீவிலும் இன்னும் இருக்கிறார்கள். இப்போதே போய்க் கேட்டு எழுதச் சொல்லுங்கள்.