மீன்கொடி குறித்து மதுரை வாசகர்களின் கேள்விகள்

கேள்வி (மேலூர் வாசகர்): ஐயா, பாண்டியர் கொடியில் இருந்தது ஒரு மீனா, இரண்டு மீன்களா?

பதில்: கொடித்துணி எதுவும் எஞ்சவில்லை, காசும் கல்லும் செப்பேடுமே நமக்குச் சான்றுகள். சங்ககாலப் பாண்டியரின் சதுரச் செப்புக்காசில் முன்புறம் யானையும் பின்புறம் மீன் குறியும் இருக்கும். வைகை மணலில் கிடைக்கும் அத்தகைய காசைக் களிம்பு நீக்கி உருப்பெருக்கியில் பார்த்தால், அது செதிலும் துடுப்புமாக வரைந்த மீன் அன்று, சில கோடுகளை மடக்கிச் சேர்த்த குறி என்பது தெரியும். முதன்முறை பார்ப்பவர்கள் அதை மீன் என்று எளிதில் ஒப்புக்கொள்வதில்லை. தமிழி என்னும் பழந்தமிழ் எழுத்தில் 'பெருவழுதி' என்ற பாண்டியர் பெயர் பொறித்த காசும் கிடைத்திருப்பதால் அவை பாண்டியருடையவை என்பது உறுதி. இரண்டு கயல்கள் அருகருகே நிற்கும் வடிவம் பிற்காலப் பாண்டியர் காசுகளில்தான் பெருவழக்காகிறது.

கேள்வி (திருப்பரங்குன்றம் மாணவி): அந்த இரு மீன்களுக்கு நடுவே வளைந்த கோல் போல ஒன்று இருக்கிறதே, அது என்ன ஐயா?

பதில்: நல்ல கண் உங்களுக்கு. அதைச் செண்டு என்பார்கள்; பூச்செண்டு அன்று, முனை வளைந்த கோல். உக்கிர பாண்டியன் மேரு மலையைச் செண்டால் அடித்துப் பொன் பெற்ற கதையைத் திருவிளையாடற் புராணத்தில் காணலாம்.

கேள்வி (செல்லூர் வாசகர்): சித்திரைத் திருவிழாவில் ஏற்றுவது மீன்கொடிதானே?

பதில்: இல்லை. சிவாலய மரபுப்படி அது இடபக்கொடி, அதாவது காளைக்கொடி. பாண்டிய அரசுச் சின்னத்தை அவ்விழாவில் காண விரும்பினால் பட்டாபிஷேக நாளன்று செல்லுங்கள். அன்று மீனாட்சியம்மன் செங்கோல் ஏந்தி, பாண்டியரின் அடையாளப் பூவாகிய வேம்பின் மாலையைச் சூடியிருப்பாள்.

கேள்வி (உசிலம்பட்டி ஆசிரியர்): சோழர் முத்திரையிலும் மீன் இருப்பது ஏன்?

பதில்: முதலாம் இராசேந்திரனின் திருவாலங்காட்டுச் செப்பேட்டு முத்திரையில் அமர்ந்த புலியோடு இரண்டு கயல்களும் வில்லும் உள்ளன. பாண்டி நாட்டை வென்று, மதுரையில் தன் மகனையே 'சோழபாண்டியன்' என்ற பட்டத்துடன் அமர்த்திய அரசன், வென்ற நாட்டின் சின்னத்தை அழிக்காமல் தன் புலிக்குப் பக்கத்தில் நிறுத்திக்கொண்டான். சிலப்பதிகாரத்தின் ஆய்ச்சியர் குரவையில் இதே மூன்று சின்னங்களும் இடம் மாறி வருகின்றன. அங்கே பேசப்படுவது பாண்டியன் அரண்மனை. ஆகவே இமயத்தின் நெற்றியில் கயல் முதலில் எழுதப்பட்டிருக்க, புலியும் வில்லும் அதன் அயலில் நிற்கின்றன. ஒரு முத்திரையைப் படிக்கும்போது எந்தச் சின்னங்கள் இருக்கின்றன என்பதோடு, எது முதன்மை பெறுகிறது என்பதையும் பார்க்க வேண்டும் என்பதே என் உறுதியான கருத்து.

கேள்வி (திருமங்கலம் வாசகர்): இணையத்தில் உலவும் வண்ண மீன்கொடிப் படங்களை நம்பலாமா?

பதில்: அவை இக்காலத்தவர் வரைந்தவை. பிள்ளைகளுக்குக் காட்ட விரும்பினால், பாண்டியர் திருப்பணி செய்த கோயில்களில் மேற்கூரைக் கல்லை அண்ணாந்து பார்க்கச் சொல்லுங்கள்; செதுக்கிய கயல்கள் பல இடங்களில் உண்டு.

கேள்வி (அதே வாசகர்): தமிழகத்துக்கு வெளியே?

பதில்: இலங்கைத் திருகோணமலையில் உண்டு. போர்த்துக்கீசியர் கோணேசர் கோயிலை இடித்து அதன் கற்களைக் கொண்டு கட்டிய கோட்டையின் வாயிலில், தமிழ்க் கல்வெட்டோடு இணைக்கயலும் இன்றுவரை காணக் கிடைக்கிறது.