பழைய ஹார்ட் டிஸ்க்கிலிருந்து படங்களை எடுக்க: ரோபோகாப்பியில் எதைத் தட்டலாம், எதைத் தொடக்கூடாது

கேள்வி: சின்ன ஊரில் ஸ்டுடியோ வைத்திருக்கிறேன். பல வருடக் கல்யாணப் படங்களும் வீடியோக்களுமாக 1.3 டிபி, பழைய எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க்கில் கிடக்கிறது. புது டிஸ்க்குக்கு இழுத்துப் போட்டால் ஏதாவது ஒரு ஃபைலில் போய் முட்டிக்கொண்டு நின்றுவிடுகிறது. கம்ப்யூட்டர் கடையில் டிஸ்க்கைச் சொருகிக்கூடப் பார்க்காமல் ‘டேட்டா ரெக்கவரி’ என்று 9,000 ரூபாய் கேட்கிறார்கள். அக்கா மகன் கமாண்ட் பிராம்ப்ட்டில் தட்டச் சொல்லி, ரோபோகாப்பி, எம்ஐஆர் என்று ஏதோ அனுப்பியிருக்கிறான். கறுப்புத் திரையைப் பார்த்தாலே பயமாக இருக்கிறது. தட்டலாமா? பாதியில் நின்றால் மறுபடி முதலிலிருந்தா?

பதில்: தட்டலாம். ஆனால் உங்கள் அக்கா மகன் அனுப்பியதை அப்படியே தட்டாதீர்கள். ரோபோகாப்பி என்பது ஃபைல்களைக் காப்பி எடுக்கும் கட்டளை; விண்டோஸ் விஸ்டா காலத்திலிருந்தே விண்டோஸுக்குள் இருக்கிறது. தனியாக டவுன்லோடு கிடையாது, விலை கிடையாது. இதை ‘இன்ஸ்டால்’ செய்து தருகிறேன் என்று யாராவது காசு கேட்டால் கும்பிடு போட்டுவிட்டு வெளியே வாருங்கள்.

முதலில் அந்த எம்ஐஆர். மிரர் என்பதன் சுருக்கம். பழைய டிஸ்க்கில் இருப்பதைப் புதியதில் போடுவதோடு அது நிற்காது. பழையதில் இல்லாத எதுவும் புதியதில் இருந்தால் அதை அழித்துவிடும். கேட்காமல் அழிக்கும், ரீசைக்கிள் பின்னுக்கும் அனுப்பாது. இப்போது இதை யோசியுங்கள். பழைய டிஸ்க் டி, புதியது எஃப். இரண்டையும் கழற்றி மாட்டும்போது எழுத்துகள் இடம் மாறலாம். அவசரத்தில் எஃப்-ஐ முன்னாலும் டி-யைப் பின்னாலும் தட்டிவிட்டீர்கள் என்றால், காலியான புது டிஸ்க்கைப் பார்த்து, அதே மாதிரி பழைய டிஸ்க்கையும் சுத்தமாகக் காலி செய்து கொடுக்கும். சொன்னதைச் செய்ததாகத்தான் அதற்குக் கணக்கு. தினசரி பேக்கப் எடுக்கும் அலுவலகத்துக்கு எம்ஐஆர் சரி. ஒரே ஒரு முறை படங்களை இடம் மாற்றுகிற உங்களுக்கு அதனால் காலணா லாபம் இல்லை. மூவ், எம்ஓவி என்ற இரண்டையும் அதே காரணத்துக்காகத் தொடாதீர்கள். காப்பி ஆனவுடன் பழையதிலிருந்து நீக்கிவிடும்.

எழுத்துக் குழப்பம் வராமலிருக்க, தொடங்கும் முன்பே ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் இரண்டு டிஸ்க்குக்கும் ‘பழசு’, ‘புதுசு’ என்று பெயர் மாற்றி வையுங்கள். பிறகு ஸ்டார்ட்டில் சிஎம்டி (cmd) என்று தட்டித் திரையைத் திறந்து, டிஐஆர் (dir) என அடித்து இடம் விட்டு டி: போட்டு என்டர் தட்டுங்கள். முதல் வரியிலேயே டிஸ்க்கின் பெயர் வரும். தமிழில் பெயர் வைத்திருந்தால் இந்தக் கறுப்புத் திரையில் கட்டங்களாகவோ கேள்விக்குறிகளாகவோ தெரியலாம். அதனால் ஆங்கில எழுத்தில் வைப்பது வசதி. படங்களின் தமிழ்ப் பெயர்களுக்கும் இதே கதைதான்: திரையில் கோணலாகத் தெரிந்தாலும் காப்பி சரியாகத்தான் ஆகும்.

இனி கட்டளை. ஒலிப்படி தமிழில் எழுதுகிறேன். நீங்கள் ஆங்கில எழுத்தாகத் தட்டுங்கள் (robocopy, /E, /R, /W, /NP, /UNILOG, .txt, /TEE). ஆல்பம் என்ற இடத்தில் உங்கள் ஃபோல்டரின் பெயர்.

ரோபோகாப்பி டி:\ஆல்பம் எஃப்:\ஆல்பம் /ஈ /ஆர்:1 /டபிள்யூ:3 /என்பி /யுனிலாக்:எஃப்:\லாக்.டிஎக்ஸ்டி /டீ

முதலில் வருவது எடுக்கும் இடம், அடுத்தது போடும் இடம். ஈ என்றால் உள்ளே இருக்கும் எல்லா ஃபோல்டர்களும், காலி ஃபோல்டர் உட்பட. யுனிலாக் என்பது என்ன நடந்தது என்று ஒரு ஃபைலில் எழுதிவைக்கும். வெறும் லாக் என்று போட்டால் தமிழ்ப் பெயர்கள் அதில் சிதைந்துபோகும். கடைசியில் உள்ள டீ, டி-க்குப் பின்னால் இரண்டு ஈ. லாக்கில் எழுதுவதைத் திரையிலும் காட்டும். என்பி போடாவிட்டால் லாக் முழுக்க சதவீத எண்களாகக் கொட்டிக்கிடக்கும், அவ்வளவுதான். ஃபோல்டர் பெயரில் இடைவெளி இருந்தால் பாதை முழுவதையும் இரட்டை மேற்கோளுக்குள் வையுங்கள்.

உங்கள் பிரச்சினைக்கு மருந்து நடுவில் இருக்கும் இரண்டில்தான் இருக்கிறது. ஆர் என்பது ஒரு ஃபைல் படிக்க வராவிட்டால் எத்தனை முறை மறுபடி முயல்வது. டபிள்யூ என்பது ஒவ்வொரு முயற்சிக்கும் நடுவில் எத்தனை வினாடி காத்திருப்பது. நீங்கள் எதுவும் சொல்லாவிட்டால் ரோபோகாப்பி தானாக வைத்துக்கொள்ளும் கணக்கு 10 லட்சம் முறை, 30 வினாடி. பெருக்கிப் பாருங்கள்: 3 கோடி வினாடி, கிட்டத்தட்ட 347 நாள். ஒரே ஒரு கெட்டுப்போன படத்துக்கு! அலுவலக நெட்வொர்க்கில் இரவோடு இரவாக ஓடும் சர்வரை மனதில் வைத்து யாரோ என்றைக்கோ வைத்த எண். இன்றுவரை மாற்றவில்லை. வீட்டில் உட்கார்ந்து தட்டுகிறவருக்கு ரோபோகாப்பியும் தொங்கிவிட்டது என்று தோன்றுவது இதனால்தான். ‘மென்பொருளாலேயே முடியவில்லை, டிஸ்க் போய்விட்டது’ என்று கடையில் சொல்வதற்கும் இது வசதியாகப் போய்விடுகிறது. ஆர்:1, டபிள்யூ:3 போட்டால் கெட்ட ஃபைலை ஒரு முறை மறுபடி தொட்டுப் பார்த்துவிட்டு, லாக்கில் எழுதிவிட்டு, அடுத்ததற்குப் போகும். கெட்டுப்போன இடத்தைப் படிக்க டிஸ்க்கே உள்ளுக்குள் கொஞ்ச நேரம் முக்கும். அப்போது ஒரு நிமிடம் அசையாமல் நின்றாலும் பதறாதீர்கள்.

பாதியில் நின்றால்? அதே கட்டளையை அதே மாதிரி மறுபடி தட்டுங்கள். மேல்நோக்கிய அம்புக்குறி விசையை அழுத்தினாலே பழைய வரி வந்துவிடும். பெயர், அளவு, தேதி நேரம் மூன்றும் பொருந்துகிற ஃபைல்களைத் தாண்டிவிட்டு மீதியை மட்டும் எடுக்கும். கட்டளையை மறுபடி ஓட்டும்போது பழைய லாக் அழிந்து புதிதாக எழுதப்படும். அதனால் லாக்கின் பெயரை மட்டும் லாக்2 என்று மாற்றிக்கொள்ளுங்கள். இந்த இடத்தில் எக்ஸ்ஓ என்று ஒன்றைச் சேர்க்கச் சொல்வார்கள், ‘புதியதை மட்டும் எடுக்கும், வேகம்’ என்று. சேர்க்காதீர்கள். நீங்கள் முன்பு இழுத்துப் போட்டுப் பாதியில் நின்ற வீடியோ புது டிஸ்க்கில் இன்றைய தேதியோடு அரைகுறையாகக் கிடக்கலாம். எக்ஸ்ஓ அதைப் பார்த்து, ‘இங்கே இருப்பதுதான் புதுசு’ என்று முழு வீடியோவைத் தொடாமல் போய்விடும். வாடிக்கையாளர் கேட்கும் அன்றைக்குத்தான் தெரியவரும், தாலி கட்டும் இடத்தில் படம் நிற்கிறது என்று.

காப்பி நடக்கும்போது கறுப்புத் திரைக்குள் மவுஸால் கிளிக் செய்யாதீர்கள். தலைப்பில் ‘செலக்ட்’ என்று வந்தால் விண்டோஸ் நீங்கள் எழுத்துகளைத் தேர்வு செய்வதாக நினைத்து, ஓடுகிற வேலையை நிறுத்தி வைத்திருக்கிறது. எஸ்கேப் தட்டினால் ஓடும். ராத்திரி முழுக்க நின்றுபோய்க் கிடந்தது என்று வருகிற புகார்களில் இது அடிக்கடி தட்டுப்படும் காரணம். இன்னொன்று ஸ்லீப், அதை அணைத்துவிடுங்கள். லேப்டாப் என்றால் மூடியைச் சாத்தாதீர்கள்.

நேரத்தைப் பொறுத்தவரை, பழைய யுஎஸ்பி 2 சாக்கெட்டில் வினாடிக்கு 30 எம்பி அளவில்தான் போகும், 1.3 டிபி-க்கு 12 மணி நேரம். நீல நிற யுஎஸ்பி 3 சாக்கெட்டில் 100 எம்பி கிடைத்தால் மூன்றரை மணியை ஒட்டி முடியும். சின்னச் சின்னப் படங்கள் நிறைய இருந்தால் இரண்டுமே கூடும். எம்டி என்று போட்டு வேகம் கூட்டச் சொல்வார்கள். சுழலும் டிஸ்க்கில் ஒரே நேரத்தில் பல ஃபைலை இழுத்தால் உள்ளே இருக்கும் முள் அங்குமிங்கும் ஓடும். நோஞ்சான் டிஸ்க்கை ஓட்டப் பந்தயத்துக்கு அனுப்பவேண்டாம்.

படங்கள் எல்லாம் ஒரு ஃபோல்டருக்குள் இல்லாமல் டிஸ்க்கைத் திறந்தவுடனே சிதறிக் கிடந்தால் மட்டும் ஒரு சிக்கல் உண்டு. இதைக் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள், கடைக்காரர்களுக்குச் சுளையாகக் காசு கொடுக்கும் இடம் இது. அப்போது நீங்கள் எடுக்கும் இடமாக டி:\ என்றும், போடும் இடமாக எஃப்:\பேக்கப் என்றும் தட்டுவீர்கள். எல்லாம் காப்பி ஆகும். முடிந்தபின் எஃப்-ஐத் திறந்தால் பேக்கப் என்ற ஃபோல்டரே இருக்காது! ஆனால் 1.3 டிபி இடம் நிரம்பியிருப்பதாகக் காட்டும். டிஸ்க்கின் தலைவாசல், அதாவது அந்த டி:\, எப்போதுமே ‘மறைவு’, ‘சிஸ்டம்’ என்ற இரண்டு முத்திரையோடு இருக்கும். அந்த முத்திரைகளையும் ரோபோகாப்பி விசுவாசமாகக் கொண்டுபோய் உங்கள் பேக்கப் ஃபோல்டரின் மேல் குத்திவிடுகிறது. உள்ளே இருக்கும் படங்களுக்கு ஒன்றும் ஆகவில்லை. ஃபோல்டர் கண்ணுக்குத் தெரியவில்லை, அவ்வளவுதான். இதைத் தட்டினால் திரும்ப வரும்:

ஏட்ரிப் -ஹெச் -எஸ் எஃப்:\பேக்கப்

ஆங்கிலத்தில் ஏ, இரண்டு டி, ஆர், ஐ, பி (attrib). ஒரு நொடி வேலை. இதையே ‘வைரஸ் தின்றுவிட்டது, ரெக்கவரி போடவேண்டும்’ என்று டிஸ்க்கை வாங்கி வைத்து இரண்டு நாள் கழித்துக் கொடுப்பவர்கள் இருக்கிறார்கள். இதே தலைவாசலில் இன்னொரு பொறியும் உண்டு: டி:\ என்பதை இரட்டை மேற்கோளுக்குள் போடாதீர்கள். சாய்கோட்டுக்குப் பின்னால் உடனே மேற்கோள் வந்தால் ரோபோகாப்பி அந்த மேற்கோளை மூடுவதற்கானது என்று எடுத்துக்கொள்ளாமல், மீதி வரியையும் சேர்த்து விழுங்கிவிட்டுப் பாதை தவறு என்று கத்தும். வெறும் டி:\ போதும். இத்தனை தொல்லை வேண்டாம் என்றால், பழைய டிஸ்க்கில் எதையும் இடம் மாற்றாமல், ஒவ்வொரு ஃபோல்டருக்கும் தனித்தனியாகக் கட்டளை தட்டிவிடுங்கள். நான் அதைத்தான் சிபாரிசு செய்வேன்.

புது டிஸ்க்கைப் பற்றி ஒரு வார்த்தை. 600, 700 ரூபாய்க்கு ‘2 டிபி’ என்று ஆன்லைனில் வாங்கியிருந்தால் அதில் எதையும் போடாதீர்கள். உள்ளே சின்ன மெமரியை வைத்து, பெரிய அளவைக் காட்டும்படி ஏமாற்றியிருப்பார்கள். நிரம்பியபின்னும் பிழை சொல்லாமல் வாங்கிக்கொண்டே இருக்கும், படம் திறக்காது. ஹெச்2டெஸ்ட்டபிள்யூ என்ற இலவசக் கருவி முழு டிஸ்க்கிலும் எழுதிப் படித்து உண்மையான அளவைச் சொல்லிவிடும். டிஸ்க் ஃபேட்32 வடிவத்தில் இருந்தால் 4 ஜிபி-க்கு மேற்பட்ட வீடியோ போகாது. காலியாக இருக்கும்போதே என்டிஎஃப்எஸ் என்று ஃபார்மேட் செய்துகொள்ளுங்கள்.

முடிந்ததும் கீழே ஒரு சிறிய அட்டவணை வரும். ஃபைல்ஸ் என்ற வரியில் ஃபெயில்டு என்ற பத்தியை மட்டும் பாருங்கள். பூஜ்யம் என்றால் நல்லது. இல்லையென்றால் லாக்கைத் திறந்து எரர் என்று தேடுங்கள். பக்கத்தில் இருக்கும் எண்தான் முக்கியம். 5 என்றால் அனுமதி இல்லை: சிஎம்டி-யை வலது கிளிக் செய்து அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து மறுபடி ஓட்டுங்கள். 112 என்றால் புது டிஸ்க்கில் இடம் போதவில்லை. 23 என்றால் அந்த ஃபைல் இருக்கும் இடம் டிஸ்க்கில் கெட்டுவிட்டது. 1117 வந்தால், அல்லது ஒன்றன்பின் ஒன்றாக எல்லா ஃபைலும் தோற்றால், கன்ட்ரோலும் சி-யும் சேர்த்து அழுத்தி நிறுத்திவிட்டு, முதலில் கேபிளை மாற்றுங்கள். 9,000 ரூபாய் ரெக்கவரி 150 ரூபாய்க் கேபிளில் முடிகிற கதை நிறைய உண்டு.

அட்டவணை சரியாக இருந்தால், இரண்டு டிஸ்க்கையும் கழற்றி மாட்டி, எழுத்துகளை மறுபடி சரிபார்த்துவிட்டு, லாக் பகுதியை நீக்கி, கடைசியில் /எல் சேர்த்து அதே கட்டளையை ஓட்டுங்கள். எல் எதையும் காப்பி செய்யாது, என்ன செய்யவேண்டியிருக்கிறது என்று மட்டும் சொல்லும். காப்பிடு (Copied) என்ற பத்தியில் ஃபைல்ஸ் பூஜ்யம் வரவேண்டும். இது அளவையும் தேதியையும்தான் ஒப்பிடும், உள்ளடக்கத்தை அல்ல. அதனால் பெரிய வீடியோக்களில் சிலவற்றையாவது நடுவிலும் கடைசியிலும் தள்ளி ஓட்டிப் பாருங்கள். ஃபோல்டர்களின் தேதி இன்றைக்கு மாறியிருக்கும். படங்களின் தேதி மாறாது.

இதற்கெல்லாம் முன்னால், டிஸ்க் ‘டக், டக்’ என்று சத்தம் போட்டால் எதையும் தட்டாமல் கழற்றிவிடுங்கள். சத்தம் இல்லாவிட்டாலும், காப்பி எடுத்து முடிக்கும் வரை யாரையும் செக்டிஸ்க் ஓட்ட விடாதீர்கள். கடையில் முதலில் செய்வது அதுதான். அது படங்களைக் காப்பாற்றும் கருவி அல்ல. டிஸ்க்கின் கணக்குப் புத்தகத்தை ஒழுங்கு செய்யும் கருவி. கணக்கில் சேராததைத் துண்டுகளாக ஃபவுண்ட்.000 என்ற ஃபோல்டரில் பெயரில்லாமல் கொட்டிவிட்டு, ‘சரிசெய்தாயிற்று’ என்று சொல்லும்.

எரர் 23 வந்த ஃபைல்கள் மட்டும் மிஞ்சினால், லாக்கில் அவற்றின் பெயர்களைக் குறித்துக்கொள்ளுங்கள். பெரும்பாலும் கைவிரலில் எண்ணிவிடலாம். ஆல்பம் ஏற்கெனவே அச்சாகி வாடிக்கையாளர் கையில் இருந்தால் அவற்றை விட்டுவிடலாம். கட்டாயம் வேண்டும் என்றால் மட்டும் ரெக்கவரி செய்கிறவரிடம் போங்கள். அந்தப் பட்டியலைக் கொடுத்து, இவை கிடைத்தால் எவ்வளவு, கிடைக்காவிட்டால் எவ்வளவு என்று எழுதி வாங்கிக்கொண்டபின் டிஸ்க்கைக் கொடுங்கள்.