மகள் ஸ்மோக்ஜம்பர் ஆக வேண்டும் என்கிறாள்: ஒரு தாய்க்குப் பதில்

அன்புள்ள அம்மா,

மொன்டானாவில் வனவியல் படிக்கும் உங்கள் மகள், விமானத்திலிருந்து பாராசூட்டில் குதித்துக் காட்டுத்தீயை அணைக்கும் வேலைக்குப் போகப்போவதாகச் சொன்னதிலிருந்து தூக்கமே இல்லை என்று எழுதியிருக்கிறீர்கள். அவள் மனதை மாற்ற வழி கேட்டிருக்கிறீர்கள். அந்த வழியை நான் சொல்லப்போவதில்லை. ஆனால் உங்கள் பயம் முழுக்க அந்தக் குதிப்பின் மேலேயே இருக்கிறது. இந்த வேலையின் பெரிய ஆபத்து தரையில்தான் இருக்கிறது. அதைத் தெரிந்துகொண்டு பேசினால் அவளும் காது கொடுப்பாள்.

முதலில் இப்படி ஒரு வேலை ஏன் வந்தது என்று பார்க்கலாம். அமெரிக்காவின் மேற்கு மலைக்காடுகளில் மின்னல் விழுந்து தீப்பிடிக்கும் பல இடங்களுக்குச் சாலையே கிடையாது. கோவேறு கழுதைகளில் கருவிகளை ஏற்றிக்கொண்டு ஆட்கள் நாள்கணக்கில் நடந்து போய்ச் சேர்வதற்குள், ஒரே மரத்தில் புகைந்த தீ மலையையே பிடித்திருக்கும். 1934இல் பாராசூட் யோசனை வந்தபோது ஆபத்தானது என்று ஒதுக்கினார்கள். 1939இல் வாஷிங்டன் மாநிலத்தின் வின்த்ராப்பில் சோதித்துப் பார்த்தார்கள். 1940 ஜூலை 12 அன்று ஐடஹோவின் நெஸ் பெர்ஸ் காட்டில் ரூஃபஸ் ராபின்சன், ஏர்ல் கூலி இருவரும் எரிகிற தீ ஒன்றுக்காக அமெரிக்காவில் முதன்முதலில் குதித்தார்கள். கூலியின் பாராசூட் கயிறுகள் முறுக்கிக்கொண்டன. அவர் ஒரு மரத்தில் போய் விழுந்தார், காயமில்லாமல் இறங்கினார். ரஷ்யர்கள் 1930களிலேயே இதைத் தொடங்கியிருந்தார்கள். அங்கே அவியாலெசோக்ரானா என்ற அமைப்பு இன்றும் இதைச் செய்கிறது.

இன்று அமெரிக்காவில் மிசூலா, மெக்கால், போய்சி, ரெட்டிங், ரெட்மண்ட், வின்த்ராப், அலாஸ்காவின் ஃபேர்பேங்க்ஸ் உட்பட ஒன்பது தளங்களில் நானூறு பேருக்குச் சற்று மேல் இந்த வேலையில் இருக்கிறார்கள். ஒரு பெரிய நாட்டுக்கே அவ்வளவுதான். இடங்கள் குறைவு, போட்டி கடுமை என்பதை இதிலிருந்தே புரிந்துகொள்ளலாம்.

விமானம் தீயின் மேல் வட்டமடிக்கும். ஸ்பாட்டர் என்ற மூத்தவர் வண்ணக் காகித நாடாக்களை வீசி காற்று எந்தப் பக்கம் இழுக்கிறது என்று பார்ப்பார். அவர் சரி என்ற பிறகுதான் குதிப்பு. வட்டப் பாராசூட் என்றால் சுமார் 1,500 அடி, சதுரப் பாராசூட் என்றால் சுமார் 3,000 அடி உயரத்திலிருந்து குதிப்பார்கள். உடம்பில் கெவ்லார் துணியில் தைத்த, பஞ்சு வைத்த உடுப்பு இருக்கும், முகத்துக்குக் கம்பிவலை போட்ட ஹெல்மெட். மரத்தில் மாட்டிக்கொண்டால் இறங்குவதற்குக் கால்பையில் நீளக் கயிறு. கருவிகளும் இரண்டு மூன்று நாள் சாப்பாடும் தண்ணீரும் தனிப் பாராசூட்டில் பின்னாலேயே வந்து இறங்கும்.

குதிப்பு சில நிமிடத்தில் முடிந்துவிடும். அதற்குப் பிறகுதான் வேலை. பெரும்பாலும் தண்ணீர் ஊற்றி அணைப்பதில்லை. பக்கத்துக் குடிசைக்குத் தீ தாவாமல் இருக்க நம் ஊரில் நடுவிலுள்ள கூரையைப் பிரித்துப் போடுவார்களே, அந்த மாதிரி, தீயைச் சுற்றிப் புல், சருகு, வேர் எல்லாவற்றையும் சுரண்டி வெறும் மண் தெரியும் வரை ஒரு கோடு வெட்டுவார்கள். ஒரு பக்கம் கோடரி, மறுபக்கம் மண் கொத்தும் தகடு கொண்ட புலாஸ்கி என்ற கருவிதான் முக்கியத் துணை. அணைந்தபின் சாம்பலைக் கையால் தொட்டுத் தொட்டுச் சூடு பார்ப்பார்கள். பிறகு எல்லாவற்றையும் முதுகில் கட்டிக்கொண்டு மைல்கணக்கில் நடந்து வெளியே வர வேண்டும். குளிர்காலத்தில் தளத்தில் உட்கார்ந்து தங்கள் உடுப்பையும் பைகளையும் தாங்களே தையல் இயந்திரத்தில் தைக்கிறார்கள். உயிரைக் காக்கும் பொருளைத் தங்கள் கையாலேயே செய்துகொள்ளும் இந்த வழக்கத்தின் மேல் எனக்குப் பெரிய மரியாதை உண்டு.

ஆபத்தை மறைக்காமல் சொல்கிறேன். குதிப்பில் மரணமே இல்லை என்பதல்ல. 2021இல் நியூ மெக்சிகோவில் குதித்து இறங்கியபோது படுகாயமடைந்த ஒருவர் பிறகு இறந்தார். கால், முட்டி, முதுகுக் காயங்கள் சாதாரணம். ஆனால் மிகப் பெரிய இழப்பு குதித்து முடித்த பிறகுதான் நடந்தது. 1949 ஆகஸ்ட் 5, மொன்டானாவின் மான் கல்ச் பள்ளத்தாக்கு. 15 பேர் குதித்தார்கள், எல்லோரும் பத்திரமாக இறங்கினார்கள். தரையில் இன்னொரு வனத்துறைக்காரரும் சேர்ந்துகொண்டார். காய்ந்த புல்லில் தீ அவர்களைவிட வேகமாக மேட்டில் ஏறியது. குழுத்தலைவர் வாக் டாட்ஜ் தனக்கு முன்னால் இருந்த புல்லைத் தானே கொளுத்தி, அது எரிந்து தீர்ந்த சாம்பலில் படுத்துக்கொண்டார். மற்றவர்களையும் உள்ளே வரச் சொன்னார். அதுவரை யாரும் அவர்களுக்குக் கற்றுத்தராத வித்தை அது. யாரும் வரவில்லை. 13 பேர் இறந்தார்கள். டாட்ஜும் மேட்டைத் தாண்டி ஓடிய இரண்டு பேரும் மட்டும் பிழைத்தார்கள். தீ எப்படி நகர்கிறது என்பதை முறையாக ஆராயவும் கற்றுத்தரவும் அமெரிக்க வனத்துறையை உந்தியதில் அந்த நாளுக்குப் பெரிய பங்கு உண்டு. 1994இல் கொலராடோவில் 14 தீயணைப்பாளர்கள் இறந்தார்கள். அவர்களில் மூவர் ஸ்மோக்ஜம்பர்கள். அதனால் உங்கள் மகளிடம் கேட்க வேண்டிய கேள்வி, "பாராசூட் திறக்காவிட்டால் என்ன செய்வாய்?" என்பதல்ல. "காற்று திரும்பினால் எந்த வழியாக வெளியேறுவாய், அதை எப்போது முடிவு செய்வாய்?" என்று கேளுங்கள். அதற்கு அவள் பொறுமையாக, விவரமாகப் பதில் சொன்னால் அவள் உண்மையாகவே படிக்கிறாள்.

இன்னொரு ஆபத்து மெதுவானது. தீயணைப்பு வேலை புற்றுநோயை உண்டாக்கக்கூடியது என்று உலக சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆராய்ச்சி நிறுவனம் 2022இல் வகைப்படுத்தியது. புகையைப் பற்றியும் பேசுங்கள்.

பெண்ணை எடுப்பார்களா, நம் நிறத்தவரை எடுப்பார்களா என்று கேட்டிருக்கிறீர்கள். 1981இல் டியான் ஷுல்மன் முதல் பெண் ஸ்மோக்ஜம்பர் ஆனார். அதற்கு முன் எடை குறைவு என்று ஒருமுறை திருப்பி அனுப்பப்பட்டவர். 1945இல் கறுப்பின வீரர்கள் மட்டுமே கொண்ட 555ஆவது பாராசூட் படை, ஒரேகான் மாநிலத்தின் பெண்டில்டனைத் தலைமையிடமாகக் கொண்டு, காட்டுத்தீ வேலைக்காக 1,200க்கு மேற்பட்ட குதிப்புகளைச் செய்தது. இனம் பிரித்து வைத்த ராணுவம் அவர்களைப் போர்முனைக்கு அனுப்பாமல் இந்த வேலைக்கு அனுப்பியது. ஆக, பாதை திறந்திருக்கிறது, எளிதாகத் திறக்கவில்லை.

இப்போது வேலைக்கு வருவோம். உங்களுக்கு ஆறுதலான செய்தி இதுதான்: பட்டம் வாங்கியதும் நேராக யாரும் இதற்குள் போக முடியாது. முதலில் சாதாரணக் காட்டுத்தீக் குழுவிலோ தீயணைப்பு வண்டிக் குழுவிலோ சேர வேண்டும். பலர் ஹாட்ஷாட் எனப்படும் தேர்ந்த தரைக்குழுக்களில் சில ஆண்டுகள் உழைத்துவிட்டுத்தான் விண்ணப்பிக்கிறார்கள். பாராசூட் அனுபவம் தேவையில்லை, அதை அவர்களே சொல்லித்தருவார்கள். உடல் தேர்வு கடுமை: 11 நிமிடத்துக்குள் ஒன்றரை மைல் ஓட்டம், 7 புல்-அப், 25 புஷ்-அப், 45 சிட்-அப். அப்புறம் 110 பவுண்டு, அதாவது 50 கிலோ சுமையோடு மூன்று மைலை 90 நிமிடத்துக்குள் நடக்க வேண்டும். பயிற்சியிலேயே பலர் வெளியேறிவிடுகிறார்கள்.

மத்திய அரசு வேலை என்பதால் அமெரிக்கக் குடியுரிமை வேண்டும். உங்கள் மகள் அங்கே பிறந்தவள், சிக்கல் இல்லை. இந்தியாவிலிருந்து இதைப் படிக்கும் மாணவர்கள் இந்தக் கதவை நம்பித் திட்டம் போட வேண்டாம். நிரந்தரப் பணியில் முதன்முதலாகச் சேர 37 வயது வரம்பு உண்டு. அவளுக்கு அவசரமே இல்லை. சம்பளம் நீண்டகாலம் குறைவாக இருந்தது. 2021இல் தற்காலிகமாக உயர்த்தி, 2025இல் அந்த உயர்வை நிரந்தரமாக்கினார்கள். கோடையில் ஓவர்டைம் நிறைய வரும். ஆனால் சீசன் வேலையாகச் சேர்ந்தால் குளிர்காலத்துக்கு வேறு வருமானம் வேண்டும். மருத்துவக் காப்பீடு எந்த மாதம் வரை என்பதைச் சேரும் முன் எழுத்தில் கேட்டு வாங்கச் சொல்லுங்கள்.

நாற்பது வயதுக்கு மேல் என்ன செய்வாள் என்ற கவலை நியாயமானது. வனவியல் பட்டம் அங்கேதான் கை கொடுக்கும்: தீ மேலாண்மை அதிகாரி, திட்டமிட்ட எரிப்பு (பெருந்தீயைத் தடுக்கக் காட்டின் ஒரு பகுதியைக் கட்டுப்பாட்டோடு எரிப்பது) நிபுணர், தீ ஆராய்ச்சி. அதனால் எந்தக் காரணத்துக்காகவும் படிப்பைப் பாதியில் விட வேண்டாம் என்பதில் நீங்கள் உறுதியாக நில்லுங்கள், நானும் உங்கள் பக்கம்தான். 1953இல் ஒரேகானில் ஸ்மோக்ஜம்பராக இருந்த ஸ்டூவர்ட் ரூசா பிறகு விண்வெளி வீரரானார். 1971இல் அப்போலோ 14இல் நிலவைச் சுற்றப் போனபோது நூற்றுக்கணக்கான மர விதைகளைக் கூடவே கொண்டு போனார். அவை அமெரிக்காவெங்கும் நடப்பட்டு, பல மரங்கள் இன்றும் நிற்கின்றன.

அடுத்த கோடைக்கான விண்ணப்பங்கள் பெரும்பாலும் இலையுதிர்காலத்திலேயே யூஎஸ்ஏஜாப்ஸ் என்ற அமெரிக்க அரசின் வேலைவாய்ப்பு இணையதளத்தில் வந்துவிடும். தரைக்குழுவில் ஒரு சீசன் போய்வரட்டும். அதற்கு முன் 45 பவுண்டு சுமையோடு 45 நிமிடத்தில் மூன்று மைல் நடக்கும் தேர்வு இருக்கிறது. இப்போதிலிருந்தே பழகச் சொல்லுங்கள். முடிந்தால் கோடையில் மிசூலா தளத்துக்கு அவளோடு நீங்களும் போங்கள். அங்கே பார்வையாளர்களைச் சுற்றிக் காட்டுகிறார்கள். உங்கள் கேள்விகளை அங்கே வேலை செய்பவர்களிடமே கேளுங்கள். சீசன் முடிந்து அவள் திரும்பியதும் எனக்கு மறுபடி எழுதுங்கள்.