கேமை மூடாமல் கொன்சோலை ஓஃப் பண்ணினால் பழுதாகுமா? ஒழுங்காக மூடுவது எப்படி?

உங்கள் கேள்வியைச் சுருக்கினால் இதுதான். வெள்ளவத்தையில் ஒரு ஃபிளாட், வீட்டில் ஒரு பிஎஸ்4, அதாவது பிளேஸ்டேஷன் 4 கேம் கொன்சோல். மகன் விளையாடி முடிந்ததும் டிவியை மட்டும் ஓஃப் பண்ணிவிட்டுப் படுக்கப் போய்விடுகிறான். பிறகு அம்மம்மா வந்து வழக்கம்போல சுவரில் இருக்கும் பிளக் சுவிட்சைத் தட்டிவிடுகிறார். இதனால் சாமான் பழுதாகுமா, ஒழுங்கான முறை என்ன என்று கேட்டிருக்கிறீர்கள்.

மகன் செய்வது வெறும் சோம்பல். அம்மம்மா செய்வதில்தான் ஆபத்து. அவரைக் குறை சொல்லவும் முடியாது. கரண்ட் பில்லைப் பார்த்துப் பார்த்துக் குடும்பம் நடத்தியவர்களுக்கு ராத்திரியில் எல்லா சுவிட்சையும் ஓஃப் பண்ணுவதுதான் நல்ல பழக்கம். டிவி கறுப்பாக இருந்தால் கீழே இருக்கும் பெட்டியும் தூங்குகிறது என்றுதான் யாரும் நினைப்பார்கள். உண்மையில் டிவியை ஓஃப் பண்ணியதால் கேமுக்கு ஒன்றும் ஆகாது, அது இருட்டில் தன்பாட்டுக்கு ஓடிக்கொண்டே இருக்கும். அப்போது சுவர் சுவிட்சைத் தட்டினால் ஓடிக்கொண்டிருக்கும் கம்ப்யூட்டரின் வயரைப் பிடுங்கியதற்குச் சமம்.

பிஎஸ்4க்குள் இருப்பது சுழலும் தட்டுள்ள சாதாரண ஹார்ட் டிஸ்க். கேம் சேவ் ஆகும்போதோ அப்டேட் இறங்கும்போதோ கரண்ட் போனால், கணக்குப் புத்தகத்தில் ஒரு வரி எழுதிக்கொண்டிருப்பவரின் கையிலிருந்து பேனாவைப் பிடுங்கிய கதைதான். பல தடவை ஒன்றும் ஆகாது. ஏதோ ஒரு தடவை சேவ் ஃபைல் கெட்டுப்போகும், பல வாரம் விளையாடியது போய்விடும். அதனால்தான் அடுத்த முறை ஓன் பண்ணும்போது, கொன்சோல் ஒழுங்காக ஓஃப் செய்யப்படவில்லை என்று ஒரு செய்தி காட்டி, டிஸ்க்கைச் சரிபார்க்கத் தொடங்குகிறது. அந்தச் செய்தியை உங்கள் வீட்டில் அடிக்கடி பார்த்திருப்பீர்கள் என்று நினைக்கிறேன்.

சரி, முறை என்ன? முதலில் கேமுக்குள்ளேயே இருக்கும் மெனுவுக்குப் போய் சேவ் செய்து, அதன் முதல் திரைக்கு வெளியேற வேண்டும். நிறைய கேம்கள் தானாகவே சேவ் செய்யும், மூலையில் ஒரு சின்னம் சுற்றும். அது சுற்றும்போது எதையும் தொடக் கூடாது. மைன்கிராஃப்ட் மாதிரியான கேமில் பாஸ் மெனுவில் 'சேவ் அன்ட் குவிட்' என்றே இருக்கிறது, அதை அழுத்தி வெளியே வந்தால் போதும். அப்புறம் கன்ட்ரோலரின் நடுவில் இருக்கும் பிஎஸ் பட்டனை ஒருமுறை அழுத்தினால் முகப்புத் திரை வரும். கேம் இன்னும் பின்னால் நிற்கிறது. அதன் படத்தின் மேல் நின்றபடி ஒப்ஷன்ஸ் பட்டனை அழுத்தினால் 'குளோஸ் அப்ளிகேஷன்' என்று வரும். அதைத் தெரிவு செய்தால் கேம் மூடிவிடும். கடைசியாக, பிஎஸ் பட்டனை அழுத்திப் பிடித்தால் வரும் மெனுவில் பவர் பகுதிக்குப் போய், கொன்சோலை முழுதாக ஓஃப் பண்ணும் வரியைத் தெரிவு செய்யுங்கள். பெட்டியில் இருக்கும் லைட் முற்றாக அணைந்த பிறகு அம்மம்மா தாராளமாக சுவிட்சைத் தட்டலாம். செம்மஞ்சள் லைட் எரிந்தால் தட்டக் கூடாது. வீட்டில் எல்லோருக்கும் இந்த ஒரு விதியை மட்டும் சொல்லிவைத்தாலே பாதிப் பிரச்சினை தீர்ந்துவிடும்.

செம்மஞ்சள் என்றால் ரெஸ்ட் மோட். கேமை மூடாமலேயே இடையில் நிறுத்திவிட்டு, அடுத்த நாள் விட்ட இடத்திலிருந்தே தொடரலாம். பிஎஸ்4க்கு இந்த வசதி பிறவியிலேயே வந்ததல்ல. 2013இல் கொன்சோல் வந்தபோது இல்லை, 2015 மார்ச்சில் வந்த 2.50 அப்டேட்டில்தான் சேர்த்தார்கள். நிறுத்திவைத்த கேம் முழுவதும் ரேம் நினைவகத்தில் இருக்கும். அதற்குச் சிறிதளவு கரண்ட் தொடர்ந்து போக வேண்டும். கரண்ட் போன அந்த நொடியில் ரேமில் இருந்தது மறைந்துவிடும். பழைய சேவ் இருக்கும், ஆனால் அதற்குப் பிறகு விளையாடியது கிடைக்காது. ஆகவே ரெஸ்ட் மோடுக்குப் போகும் முன்பும் ஒரு சேவ் போட்டுவிடச் சொல்லுங்கள்.

கேமை ஒவ்வொரு தடவையும் மூடியே ஆக வேண்டுமா என்றால், இல்லை. ஃபோனில் எல்லா ஆப்பையும் தள்ளித் தள்ளி மூடும் பழக்கத்தைச் சிலர் கொன்சோலுக்கும் கொண்டுவருகிறார்கள். பிஎஸ்4, பிஎஸ்5 இரண்டிலும் ஒரு நேரத்தில் ஒரு கேம்தான் திறந்திருக்கும், வேறொன்றைத் தொடங்கினால் முதலாவதை மூடட்டுமா என்று அதுவே கேட்கும். சாப்பிட எழுந்து போகும்போதும் டியூஷனுக்குப் போகும்போதும் ரெஸ்ட் மோட் போதும். ஒன்லைன் கேம் என்றால் கதை வேறு. ரெஸ்ட் மோடுக்குப் போனதும் சேர்வர் தொடர்பு அறுந்துவிடும், திரும்பி வந்தாலும் பழைய ஆட்டத்தில் இருக்க முடியாது. அதை மூடித் திறப்பதே நல்லது. ஆட்டத்தின் நடுவில் வெளியேறினால் அதைத் தோல்வியாக எழுதும் கேம்களும் இருக்கின்றன. மகனை இரவுச் சாப்பாட்டுக்குக் கூப்பிடும்போது 'இன்னும் அஞ்சு நிமிஷம்' என்கிறான் என்றால் எப்போதும் சாட்டு சொல்கிறான் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள்.

வேறு கொன்சோல் வைத்திருப்பவர்களும் இதை வாசிப்பீர்கள் என்பதால் அவற்றையும் சொல்லிவிடுகிறேன். பிஎஸ்5இல் பிஎஸ் பட்டனைச் சும்மா தட்டினால் கீழே ஒரு பட்டை வரும், அழுத்திப் பிடித்தால்தான் முகப்புக்குப் போகும். பிஎஸ்4இலிருந்து மாறியவர்கள் முதலில் தடுமாறுவது இங்கேதான். மற்றபடி அதே ஒப்ஷன்ஸ் பட்டன், அதே மூடும் வரி. எக்ஸ்பொக்ஸில் நடுப் பட்டனை அழுத்தி, கேமின் பெயரில் நின்று, மூன்று கோடு போட்ட பட்டனை அழுத்தினால் 'குவிட்' வரும். நின்டெண்டோ ஸ்விட்ச்சில் ஹோம் பட்டன், பிறகு எக்ஸ் பட்டன், அவ்வளவுதான். அதில் பேட்டரியும் இருப்பதால் கரண்ட் போனால் வீட்டில் கடைசியாகக் கவலைப்பட வேண்டிய சாமான் அது.

எக்ஸ்பொக்ஸ் விஷயத்தில் ஒன்றைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும், ஏனென்றால் நம்முடைய ஊருக்கு மிகவும் பொருந்துகிற வசதி அது. 2020 நவம்பரில் வந்த சீரிஸ் எக்ஸ், சீரிஸ் எஸ் இரண்டிலும் 'குயிக் ரெஸ்யூம்' இருக்கிறது. அதில் நிறுத்திவைத்த கேமின் நிலையை ரேமில் மட்டும் வைத்திருக்காமல், கரண்ட் போனாலும் அழியாத சேமிப்பான எஸ்எஸ்டியில் எழுதிவிடுகிறார்கள். ஒன்றல்ல, பல கேம்களை இப்படி வைத்திருக்கலாம். கொன்சோலை முழுதாக ஓஃப் பண்ணி, பிளக்கையும் கழற்றி, அடுத்த நாள் போட்டாலும் விட்ட இடம் வரும். மைக்ரோசொஃப்ட் சொல்லும் கணக்குப்படி ஸ்லீப் நிலையில் 10 முதல் 15 வாட் போகும், மின்சாரம் சேமிக்கும் ஷட்டவுன் நிலையில் 0.5 வாட்தான். குயிக் ரெஸ்யூம் இரண்டிலும் வேலை செய்யும் என்பதால் ஷட்டவுனை விட்டு ஸ்லீப்பைத் தெரிவு செய்ய எனக்கு ஒரு காரணமும் தெரியவில்லை. ஆனால் விளையாடிக்கொண்டிருக்கும்போதே கரண்ட் போனால் இந்த வசதியும் காப்பாற்றாது. எழுதி வைக்க அதற்கு அவகாசம் கிடைக்காதே. அதோடு ஒன்லைன் கேம்களுக்கு இது ஒத்துவராது, ஏதாவது குழம்பினால் 'குவிட்' கொடுத்துப் புதிதாகத் திறந்தால் சரியாகிவிடும்.

இனி கரண்ட் விஷயம். கொழும்பில் இருந்துகொண்டு கொன்சோலை மூடுவது பற்றிப் பேசும்போது இதைத் தவிர்க்க முடியாது. 2022 மார்ச் கடைசியில் ஒரு நாளைக்கு 13 மணி நேரம் வரை மின்வெட்டு இருந்தது. வாழ்க்கைக்கு அது பெரிய கொடுமை. கொன்சோலுக்கு மட்டும் பார்த்தால் அவ்வளவு மோசமில்லை என்பேன், ஏனென்றால் எழுத்து வாரியாகப் பகுதிகளைப் பிரித்து நேர அட்டவணை போட்டிருந்தார்கள். எப்போது போகும் என்று தெரிந்ததால் அதற்கு முன் சேவ் செய்து ஓஃப் பண்ண முடிந்தது. சொல்லாமல் போகும் கரண்ட்தான் ஆபத்து. 2025 பெப்ரவரி 9, ஞாயிற்றுக்கிழமை முற்பகல், பாணந்துறையில் ஒரு குரங்கு துணை மின் நிலையத்துக்குள் போனதில் நாடு முழுக்க இருண்டதே, அந்த மாதிரி. லீவு நாள் காலையில் எத்தனை வீட்டுப் பிள்ளைகள் கன்ட்ரோலரைக் கையில் வைத்துக்கொண்டு கறுப்புத் திரையைப் பார்த்திருப்பார்கள்!

இப்படித் திடீரென்று கரண்ட் போனால் உடனே சுவர் சுவிட்சை ஓஃப் பண்ணுங்கள். அம்மம்மாவின் பழக்கம் உண்மையிலேயே உதவும் நேரம் இதுதான். கரண்ட் திரும்பி வரும்போது சில வேளை ஒரு தடவை வந்து, போய், மறுபடி வரும், வோல்டேஜும் ஏறி இறங்கும். லைட் நிலையாக எரிகிறதா என்று சில நிமிஷம் பார்த்துவிட்டுப் பிறகு ஓன் பண்ணலாம். ஏப்ரலிலும் ஒக்டோபர், நவம்பரிலும் பின்னேரத்தில் இடி மின்னல் வருமே, அப்போது சுவிட்ச் மட்டும் போதாது, கொன்சோலை ஒழுங்காக ஓஃப் பண்ணிவிட்டு பிளக்கையே கழற்றிவிடுங்கள். ரௌட்டரிலிருந்து இணைய வயர் கொன்சோலுக்கு நேரே வருகிறது என்றால் அதையும் கழற்ற வேண்டும். மின்னல் அந்த வழியாகவும் வரும்.

செலவு செய்யத் தயார் என்றால் கம்ப்யூட்டருக்கு வைக்கும் சின்ன யுபிஎஸ் (கரண்ட் போனதும் பேட்டரியில் ஓட வைக்கும் பெட்டி) ஒன்று வாங்குங்கள். பம்பலப்பிட்டியில் யுனிட்டி பிளாசா பக்கம் போனால் 650 விஏ அளவில் கிடைக்கும். கொன்சோலையும் டிவியையும் சேர்த்துப் போட்டால் சில நிமிஷம் தாங்கும். அது தொடர்ந்து விளையாட அல்ல, சேவ் செய்து ஒழுங்காக ஓஃப் பண்ண என்பதை மகனுக்கு முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். இல்லாவிட்டால் யுபிஎஸ் கத்திக் கத்தி ஓயும்வரை ஆட்டம் நடக்கும். என் கருத்தைக் கேட்டால், புதுக் கேம் ஒன்று வாங்கும் காசை இதற்குப் போடலாம்.

இன்னொன்று, தூசி படாமல் இருக்கப் பெட்டியின் மேல் துணி போடும் வீடுகள் நிறைய. முழுதாக ஓஃப் ஆகி ஆறிய பிறகு போடுவதில் தப்பில்லை. ரெஸ்ட் மோடில் இருக்கும்போது போடாதீர்கள். இரவில் அது அப்டேட் இறக்கிக்கொண்டிருக்கலாம், உள்ளே சூடாகும். கண்ணாடிக் கதவு போட்ட டிவி அலுமாரிக்கும் இதேதான்.

டிவியை மட்டும் ஓஃப் பண்ணும் மகனுக்கு ஒரு வழி இருக்கிறது. பிஎஸ்4 செட்டிங்ஸில் 'பவர் சேவ்' பகுதிக்குப் போனால், யாரும் தொடாவிட்டால் எவ்வளவு நேரத்தில் தானாக ஓய்வுக்குப் போக வேண்டும் என்று வைக்கலாம். குறைந்த நேரத்தை வையுங்கள். பிஎஸ்5இல் இன்னும் சுகம், எச்டிஎம்ஐ டிவைஸ் லிங்க் பகுதியில் 'பவர் ஓஃப் லிங்க்' ஓன் பண்ணினால், அதற்கு ஒத்துப்போகும் டிவியை அணைத்ததும் கொன்சோலும் ரெஸ்ட் மோடுக்குப் போய்விடும்.

கேம் உறைந்து நின்றால்? பிஎஸ் பட்டன் வேலை செய்கிறதா பாருங்கள். முகப்புக்கு வர முடிந்தால் மேலே சொன்னபடி மூடலாம். அதுவும் இல்லை என்றால் பெட்டியில் இருக்கும் பவர் பட்டனை இரண்டாவது பீப் கேட்கும்வரை, சுமார் 7 விநாடி, அழுத்திப் பிடியுங்கள். எக்ஸ்பொக்ஸில் 10 விநாடி, ஸ்விட்ச்சில் 12 விநாடி. சுவர் சுவிட்ச் அதற்கும் அசையாவிட்டால் மட்டும்.

டிஸ்க் சரிபார்க்கும் செய்தி வரும்போது பொறுமையாக முடிய விடுங்கள், நடுவில் மறுபடி ஓஃப் பண்ணாதீர்கள். அது ஒவ்வொரு நாளும் வருகிறது, கேம் இடையிடையே தடங்குகிறது என்றால் கொன்சோலை ஓஃப் பண்ணிவிட்டு, பவர் பட்டனை இரண்டாவது பீப் வரை பிடித்து, கோளாறு சரிசெய்யும் மெனுவான சேஃப் மோடுக்குப் போய், 'ரீபில்ட் டேட்டாபேஸ்' செய்து பாருங்கள். அதில் கேமும் சேவும் அழியாது. அதே பட்டியலில் கீழே இருக்கும் 'இனிஷியலைஸ்' பக்கம் மட்டும் கை போகக் கூடாது, அது எல்லாவற்றையும் துடைத்துவிடும். பிஎஸ்4 சேவ்களை யுஎஸ்பி பென் டிரைவில் எடுத்து வைக்கலாம் என்பதால், இதில் இறங்க முன்பு அதைச் செய்துவிடுங்கள். பிஎஸ்5 கேம்களின் சேவ்களுக்கு அந்த வழி இல்லை, கட்டணம் கட்டும் பிளேஸ்டேஷன் பிளஸ் கணக்கு இருந்தால் கிளவுடில், அதாவது இணையச் சேமிப்பில், ஏறும்.