கட்டிய தவணையா, கண்ட கனவா?

கேள்வி: வட்டக்கச்சியில் வசிக்கிறேன். வயது 23. பகலிலும் தூக்கத்தை அடக்க முடியவில்லை. வாய்விட்டுச் சிரித்தால் முழங்கால் தளர்ந்துவிடுகிறது. விடியற்புறம் அமுக்குவான் பிடித்து அசைய முடிவதில்லை. கடன் தவணையைக் கட்டிவிட்டேன் என்று அம்மாவிடம் சத்தியம் செய்தேன். காசு அலுமாரியிலேயே இருந்தது. வீட்டில் என்னைப் பொய்க்காரி என்கிறார்கள். என்ன செய்வது?

பதில்: நீங்கள் பொய் சொல்லவில்லை. இவை அனைத்தும் சேர்ந்து வந்தால் நார்கோலெப்சி என்ற நரம்பியல் நோயைத்தான் முதலில் சந்தேகிக்க வேண்டும். மூளையில் விழிப்பை நிலைநிறுத்தும் ஒரெக்சின் என்ற பொருள் குறைந்துபோவதால் வருவது இது. மற்றவர்களுக்குத் தூங்கி ஏறத்தாழ 90 நிமிடங்களுக்குப் பிறகு வரும் கனவுத் தூக்கம், இந்நோயில் 15 நிமிடங்களுக்குள்ளேயே வந்துவிடலாம். கனவு காணும்போது உடல் தசைகள் செயலற்றிருப்பது இயல்பு. அந்த நிலை விழித்த பிறகும் நீடித்தால் அமுக்குவான். சிரிப்பின் நடுவே புகுந்தால் முழங்கால் தளர்ச்சி.

இக்கனவுகளில் பறப்பதும் பாம்பு துரத்துவதும் மட்டும் வருவதில்லை. தவணை கட்டுவது, ஆட்டைக் கட்டுவது போன்ற சாதாரண வேலைகளும் வரும்; விழித்த பிறகு அவை உண்மையில் நடந்தவை போலவே தோன்றலாம். ஆகவே "நன்றாக நினைவிருக்கிறது" என்பதைச் சான்றாகக் கொள்ளாதீர்கள். தவணை அட்டையில் கையெழுத்து இருக்கிறதா என்று பாருங்கள். யாரோ ஏசியதாக மனம் நொந்தால், கோபிக்கும் முன் அவரிடமே கேளுங்கள்.

வீட்டாருக்கும் ஒன்று: இனி இவர் சொல்வதையெல்லாம் கனவு என்று தள்ளிவிட வேண்டாம். யாராவது தீங்கு செய்ததாகச் சொன்னால் கட்டாயம் விசாரியுங்கள். போர்க்கால நினைவுகள் கனவில் திரும்ப வருவது வேறு; இரண்டும் ஒருவரிடமே இருக்கலாம். அதையும் வைத்தியரிடம் சொல்லுங்கள்.

தூங்கிய, விழித்த நேரங்களை இரண்டு வாரம் குறித்துக்கொண்டு கிளிநொச்சி வைத்தியசாலைக்குச் செல்லுங்கள். நரம்பியல் நிபுணரிடம் அனுப்பும்படி கேளுங்கள். இரவுத் தூக்கத்தையும் மறுநாள் பகல் தூக்கத்தையும் அளக்கும் பரிசோதனை உண்டு. நோயை முற்றாக நீக்க முடியாது. மருந்தால் நன்கு கட்டுப்படுத்தலாம். விழிப்புக்குத் தரும் மொடாபினில் என்ற மருந்து, கருத்தடை மாத்திரையின் பலனைக் குறைக்கும். கருத்தடை மாத்திரை எடுப்பவரானால் வைத்தியரிடம் முன்கூட்டியே சொல்லுங்கள். மதியம் 15 முதல் 20 நிமிடம் திட்டமிட்டுத் தூங்குவதும் உதவும். மந்திரம் சொல்லிப் பார்வை பார்ப்பதற்கு நான் தடை சொல்லவில்லை, ஆனால் அதற்காகக் கிளினிக் நாளைத் தவறவிடாதீர்கள்.

நோய் கட்டுப்பட்டு வைத்தியர் அனுமதிக்கும்வரை மோட்டார் சைக்கிள் ஓட்டக் கூடாது. குளத்தில் தனியே இறங்காதீர்கள். கட்டில்லாத கிணற்றில் தண்ணீர் அள்ளும் வேலையை வேறொருவர் செய்யட்டும்.